சும்மா நாட்கள்

பிரசவ ஆஸ்பத்திரி, துறைமுகத் தெரு
பன்னிரண்டாம் மாதம், 19

பாப்பாவின் அப்பாவுக்கு,

நானும் பாப்பாவும் நலம், வார்டில் வேலைதான் ஓயவில்லை. உங்கள் நலத்தை நீங்களாக எழுதினால்தான் உண்டு. என் மூன்று கடிதத்துக்கு உங்களுடைய ஒன்று என்று ஏதோ கணக்கு வைத்திருக்கிறீர்கள். இது நான்காவது.

நேராக விஷயத்துக்கு வருகிறேன். நான் பிரிவு மனு கொடுத்து நாற்பது நாள் ஆகிவிட்டது. ஆண்டு திரும்பும் அன்று அது தானாகச் செல்லுபடியாகும். அதற்குள் நான் வாபஸ் வாங்கினால் உண்டு. பதிவகம் இந்த மாதம் முப்பதாம் தேதி மாலையோடு மூடிவிடும், அதன்பிறகு புது ஆண்டுவரை சும்மா நாட்கள். இது உங்களுக்குத் தெரியாததில்லை. நாட்டுக்கே நாள் சொல்கிறவர் நீங்கள்.

ஒரு வருஷத்துக்கு என்று சொல்லி அந்த மலைமேல் நிலாக்கூடத்துக்குப் போனீர்கள். மூன்று வருஷம் ஆயிற்று. இரண்டாம் வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டதை எனக்குத் தபால் வண்டிக்காரர் சொன்னார். மூன்றாம் வருஷத்துக்குப் போட்டதை யாருமே சொல்லவில்லை, நானாகப் புரிந்துகொண்டேன். கேட்டால் "போடச் சொன்னாங்க, போட்டேன்" என்கிறீர்கள். யார் எதைக் கேட்டாலும் உங்கள் வாயில் வருவது ஒரே வார்த்தை, "பார்க்கலாம்". பாப்பாவுக்கு வேலை கிடைத்தபோதுகூட அதைத்தான் எழுதினீர்கள். அவள் வேலைக்குப் போகட்டுமா வேண்டாமா என்று கேட்டிருந்தாள், வானம் தெளியுமா என்று கேட்கவில்லை.

நான் பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. முப்பதாம் தேதிக்குள் ஒரு தடவை கீழே இறங்கி வாருங்கள். என் எதிரில் உட்காருங்கள். "இங்கேயே இருக்கிறேன்" என்றோ "இருக்க மாட்டேன்" என்றோ ஒரு வாக்கியம் சொல்லுங்கள். எதுவாக இருந்தாலும் அதைக் கேட்டுவிட்டு நான் முடிவு செய்துகொள்கிறேன். வண்டியில் இரண்டு நாள் தூரம்தான்.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா


நிலாக்கூடம், மேல்மலை
பன்னிரண்டாம் மாதம், 23

அன்புள்ள கறாருக்கு,

இந்தப் பெயர் உனக்குப் பிடிக்காது என்று தெரியும். ஆனாலும் வேறு எப்படிக் கூப்பிட்டு எழுதினாலும் அது வேறு யாருக்கோ எழுதுகிற மாதிரி இருக்கிறது.

உன் கடிதம் இன்று காலைதான் கைக்கு வந்தது. பாதையில் மண் சரிந்து வண்டி இரண்டு நாள் நின்றுவிட்டதாம். நாளை மறுநாள், அதாவது இருபத்தைந்தாம் தேதியிலிருந்து, நிலா பார்க்கிற இந்த வருஷப் பார்வையாளன் நான் மலையை விட்டு இறங்கக் கூடாது. விதி அப்படி. எனக்குப் பதிலாக இன்னொருவரை வைக்கலாமா என்று கூடத்தின் தலைவரிடம் கேட்கலாம் என்றுதான் இருந்தேன். அவருக்கு ஜலதோஷம். இந்த நேரத்தில் போய்க் கேட்டால் நன்றாக இருக்காது என்று விட்டுவிட்டேன்.

நீ கேட்ட வாக்கியத்தைச் சொல்லக்கூடாது என்றில்லை. எழுத உட்கார்ந்தால் என்ன எழுதுவதென்று தெரியவில்லை, அவ்வளவுதான். நீ நேரில் இருந்தாலும் எனக்கு இதே பாடுதான், உனக்குத் தெரியும். இங்கே எல்லாம் சுலபமாக இருக்கிறது. சாயங்காலம் போய் நிற்கிறேன், பார்க்கிறேன், இரண்டு வார்த்தையில் ஒன்றை எழுதுகிறேன். வீட்டில் அப்படி இல்லை.

உன் முட்டி வலி எப்படி இருக்கிறது? சமையல்காரர் பின்னிய கம்பளிக் காலுறை ஒரு ஜோடி அனுப்பியிருக்கிறேன். பாப்பாவை அந்த வேலையில் சேரச் சொல். நல்ல வேலை.

முப்பதாம் தேதி விஷயம், பார்க்கலாம்.

உன்,
மலைமேல் இருப்பவன்


பிரசவ ஆஸ்பத்திரி
சும்மா நாள் 3

அன்புள்ள,

இதற்குமேல் என்ன போடுவதென்று தெரியவில்லை. மனு கொடுத்தாயிற்று, வாபஸ் வாங்கவில்லை, ஆண்டும் திரும்பவில்லை. இந்த நாட்களில் நீங்கள் எனக்கு யார் என்று பதிவாளரிடமே கேட்டேன். "யோசிக்காதீங்கம்மா, சும்மா நாள்தானே" என்று சொல்லிவிட்டு ஜன்னலைச் சாத்திக்கொண்டார். அதனால் இடம் விட்டிருக்கிறேன்.

முப்பதாம் தேதி மதியத்திலிருந்து கீழ்த்தளப் பதிவகத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். உங்களுக்காக இல்லை, முட்டி வலித்தது, உட்கார்ந்தேன். வாபஸ் தாளில் என் பெயர்வரை எழுதியும் வைத்திருந்தேன். மாலை வண்டி வந்தது. ஒரு மூட்டைத் தபால் இறங்கியது, ஒரு கூண்டு நிறையக் கோழி இறங்கியது, நீங்கள் இறங்கவில்லை. தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு வார்டுக்குப் போனேன். தலைவரின் ஜலதோஷம் தேவலையா?

இங்கே எனக்குத் தலைக்கு மேல் வேலை. சும்மா நாள் வந்தாலே எனக்கு ஆகாது, அது உங்களுக்குத் தெரியும். மற்றவர்களுக்கெல்லாம் விடுமுறை, பிரசவத்துக்கு ஏது விடுமுறை? அதில் இந்த வருஷம் கப்பல்காரர் மனைவி ஒருத்தி வேறு வந்து சேர்ந்திருக்கிறாள். கடலுக்கு அந்தப் பக்கத்துப் பெண். கப்பல் பழுது பார்க்க நிற்கிறது, இவளுக்கோ இன்றைக்கா நாளைக்கா என்கிற வயிறு. அட்டையில் தேதி எழுதும் இடத்தில் நான் கோடு போட்டதைப் பார்த்துவிட்டு ஏன் என்று கேட்டாள். உட்கார்ந்து விளக்கினேன். எங்களுக்குப் பன்னிரண்டு மாதம், மாதத்துக்கு முப்பது நாள். அது முடிந்ததும் புது ஆண்டு உடனே வராது. ஆண்டு முழுக்கப் பெரிய நிலாவுக்குப் பின்னாலேயே வருகிற சின்ன நிலா, ஒரு மாலை அதைத் தாண்டி முன்னால் வரும். அதை மலைமேல் ஒருவர் பார்த்து, பேரேட்டில் "கண்டேன்" என்று எழுத வேண்டும். எழுதியதும் கொம்பு ஊதுவார்கள், மலைக்கு மலை கேட்டு நாடெங்கும் ஊதுவார்கள், மறுநாள்தான் முதல் மாதம் ஒன்று. நடுவில் வரும் ஐந்தாறு நாள் எந்தக் கணக்கிலும் இல்லை. கல்யாணம் கிடையாது, வழக்கு கிடையாது, பதிவு கிடையாது.

"அப்ப இந்த நாள்ல பிறக்கிற குழந்தை?" என்று கேட்டாள்.

"முதல் தேதி பிறந்ததா எழுதிக்குவோம்."

அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "எங்க ஊர்ல நாள் தானா வரும். உங்க ஊர்ல கையெழுத்து வாங்கிட்டுத்தான் விடியும் போல" என்றாள். அந்தக் கையெழுத்துப் போடுகிறவர் என் வீட்டுக்காரர்தான் என்று நான் சொல்லவில்லை. மானம் போகிறது.

பாப்பா பெட்டி கட்டி வைத்துவிட்டாள். முதல் தேதி வரைபட அலுவலகத்தில் சேர வேண்டும். சீக்கிரம் அந்த நாளை விடுங்கள்.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா


நிலாக்கூடம்
சும்மா நாள் 7

அன்புள்ள கறாருக்கு,

நீ விட்டிருந்த இடத்தை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இங்கே மேகம். அதனால்தான் கொம்பு ஊதவில்லை. ஒவ்வொரு மாலையும் பார்வைக்கல்லில் ஏறி நிற்கிறேன். எதிரே ஒரு இரும்புக் கம்பி நட்டிருக்கிறது. பெரியது கம்பியைத் தொடும்போது சின்னது கம்பிக்கு இந்தப் பக்கம் இருந்தால் "காணவில்லை", அந்தப் பக்கம் இருந்தால் "கண்டேன்". முப்பத்தொரு வருஷ உத்தியோகம், இந்தக் கல்லில் மூன்று வருஷம், இதுவரை ஒரு தப்பு கிடையாது. இந்த வருஷம் ஏழு தடவை "காணவில்லை" எழுதியாகிவிட்டது. கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டுதான் பார்க்கிறேன்.

ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. கொம்பு ஊதும்வரை நாம் பழையபடிதானே? பதிவாளர் ஜன்னலைச் சாத்தினால் சாத்தட்டும். இன்று காலை டீ குடிக்கும்போது திடீரென்று தோன்றியது, இப்போது எனக்கு மனைவி இருக்கிறாள் என்று. இத்தனை வருஷத்தில் டீ குடிக்கும்போது ஒரு நாளும் இப்படித் தோன்றியதில்லை. ஏன் என்று தெரியவில்லை.

பாப்பாவின் முதலாளிகள் புரிந்துகொள்வார்கள். எல்லோருக்கும் ஒரே நாள்தானே நிற்கிறது. காலுறை சரியாக இருந்ததா?

உன்,
மலைமேல் இருப்பவன்


பிரசவ ஆஸ்பத்திரி
சும்மா நாள் 12

பாப்பாவின் அப்பாவுக்கு,

காலுறை பெரிதாக இருக்கிறது. உங்கள் சமையல்காரர் என் காலை எப்படி நினைத்து வைத்திருக்கிறார் என்று தெரியவில்லை.

பன்னிரண்டு சும்மா நாள். என் பணிக்காலத்தில் இதுவரை அதிகம் பார்த்தது எட்டு. வார்டில் பதினோரு பிள்ளைகள் கோடு போட்ட அட்டையோடு படுத்திருக்கின்றன, பதினொன்றுக்கும் ஒரே பிறந்தநாள் வரப்போகிறது. தாய்மார்கள் என்னைத்தான் பிடித்துக்கொள்கிறார்கள், நான் நிலாவைப் பெட்டியில் போட்டுப் பூட்டி வைத்த மாதிரி. பாப்பா தினமும் காலையில் பெட்டியைத் திறந்து ஒரு உடுப்பை எடுத்துக் கட்டிக்கொண்டு, மறுபடி மூடுகிறாள். நேற்று பெட்டி காலி. முனைக்கடைத் தையல்காரர் ஒருவர்தான் இந்தத் தெருவில் சந்தோஷமாக இருக்கிறார். அவருடைய மாமியார் முதல் தேதி வருவதாக இருந்தாராம்.

கப்பல்காரர் மனைவிக்கு நேற்றுப் பிரசவம் ஆயிற்று. பையன். ரொம்பச் சின்னதாக இருக்கிறான். மூச்சு சரியாக இல்லை. அரைமணிக்கு ஒரு தடவை போய்ப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

இப்போது நான் எழுத வந்த விஷயம். இன்று மாலை வார்டுத் துணிகளை எடுக்க மொட்டைமாடிக்குப் போனேன். நிமிர்ந்து பார்த்தேன். எனக்குக் கம்பியும் வேண்டாம், கல்லும் வேண்டாம். சின்னது பெரியதைத் தாண்டி நான்கு விரல்கடை முன்னால் நிற்கிறது. இன்று நேற்றுத் தாண்டினது இல்லை. கீழே வந்து பதிவாளரிடம் கேட்டேன், நீங்கள் பார்க்கவில்லையா என்று. "பார்த்தேன்மா. எல்லாரும்தான் பார்த்தாங்க. நாம பார்க்கிறது கணக்கில வராதே. மேலே எழுதினாதானே" என்றார். கேட்டவர்கள் எல்லோரும் அதையேதான் சொல்கிறார்கள். கண்ணுக்கு எதிரில் நிலா நிற்கிறது, ஊரே காதைத் தீட்டிக்கொண்டு கொம்புக்குக் காத்திருக்கிறது.

இங்கே பத்து நாளாக ஒரு துண்டு மேகம் இல்லை. உங்கள் தலைக்கு மேல் மட்டும் மேகம் குடியிருக்கிறதா? என் காதில் பூ சுற்றாதீர்கள். இருபத்திரண்டு வருஷமாக உங்களைத் தெரியும். நீங்கள் எதையும் சொல்லாமல் விடுவீர்கள், ஆனால் பொய் சொல்லமாட்டீர்கள் என்று நினைத்திருந்தேன். என்ன நடக்கிறது என்று எனக்கு எழுதுங்கள்.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா


நிலாக்கூடம்
சும்மா நாள் 14

அன்புள்ள கறாருக்கு,

மேகம் இல்லை. ஒரு நாள்கூட இருக்கவில்லை.

ஐந்தாம் சும்மா நாள் மாலை தாண்டியது. அன்று மதியம்தான் உன் கடிதம் வந்திருந்தது, பெஞ்சில் உட்கார்ந்திருந்ததாக எழுதியிருந்தாயே, அது. சட்டைப்பையில் அதை வைத்துக்கொண்டுதான் கல்லில் ஏறினேன். சின்னது கம்பிக்கு அந்தப் பக்கம் இருந்தது, சந்தேகத்துக்கே இடமில்லை. பேரேட்டைத் திறந்தேன். "கண்டேன்" என்று எழுதினால் கொம்பு ஊதுவார்கள், விடிந்தால் நீ எனக்கு யாரோ. நான் எழுதுகிற ஒரு வார்த்தையில் நீ போய்விடுவாய். கை போகவில்லை. "காணவில்லை" என்று எழுதிவிட்டேன். ஒரு நாள் தள்ளினால் யோசிக்க நேரம் கிடைக்கும் என்றுதான் நினைத்தேன். மறுநாளும் அதையே நினைத்தேன். அப்புறம் தினமும்.

இங்கே யாரும் பேரேட்டைச் சரிபார்ப்பதில்லை. பார்வையாளன் பொய் எழுதுவான் என்று யாருக்குமே தோன்றியதில்லை, எனக்கே தோன்றியதில்லை. சமையல்காரருக்குத் தெரியும். "ஐயா, கண்ணாடி மாத்தணுமோ?" என்று முந்தாநாள் கேட்டார். நான் ஆமாம் என்றேன்.

உன்னை விட எனக்கு மனசில்லை. இதை முப்பதாம் தேதி வந்து சொல்லியிருக்க வேண்டும். நீ கேட்டது ஒரு வாக்கியம். வீட்டில் உன் எதிரில் உட்கார்ந்து அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்வதைவிட, நாட்டையே நிறுத்தி வைப்பது எனக்குச் சுலபமாக இருந்திருக்கிறது. எழுதிப் பார்க்கும்போதுதான் எவ்வளவு அசட்டுத்தனம் என்று தெரிகிறது.

நாளையோ மறுநாளோ "கண்டேன்" என்று எழுதிவிடுகிறேன். இந்த வருஷம் சின்னது தாமதம் என்று சொல்லிக்கொள்வார்கள். யாருக்கும் நஷ்டமில்லை, பிள்ளைகளுக்கு முதல் தேதி பிறந்தநாள் வழக்கமாக வருவதுதானே. உன் பதில் வந்ததும் எழுதுகிறேன். அதுவரை இருக்கட்டும்.

உன்,
மலைமேல் இருப்பவன்


பிரசவ ஆஸ்பத்திரி
சும்மா நாள் 17

பாப்பாவின் அப்பாவுக்கு,

யாருக்கும் நஷ்டமில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த வரியை வைத்துக்கொண்டு நேற்று முழுக்க உட்கார்ந்திருந்தேன். பதில் எழுதினால் என்னவெல்லாம் எழுதுவேனோ என்று பயமாக இருந்தது.

கப்பல்காரர் மனைவியின் பையன் போய்விட்டான். பதினைந்தாம் சும்மா நாள் காலை, அவள் கையில். நான்கு நாள் இருந்தான். நான்கு நாளும் நான் கூடவே இருந்தேன். நம்மிடம் செய்ய என்ன உண்டோ அத்தனையும் செய்தேன். வலது காதில் ஒரு மச்சம் இருந்தது. இதையெல்லாம் நான் உங்களுக்கு எழுதாவிட்டால் வேறு எங்கேயும் எழுதியிருக்காது. சும்மா நாளில் பிறந்து புது ஆண்டுக்கு முன்னால் போய்விட்ட பிள்ளைக்குப் பதிவு கிடையாது. பிறந்ததாகவும் இல்லை, இறந்ததாகவும் இல்லை. அட்டையைக் கேட்டாள், கொடுத்தேன். கோட்டின்மேல் விரலை வைத்துக்கொண்டு, "எங்க ஊரா இருந்தா என் பையன் பிறந்திருப்பான்" என்றாள். சத்தம் போடவில்லை, அழவில்லை. நான் எத்தனையோ தாய்மாரைப் பார்த்திருக்கிறேன், அன்றைக்குத்தான் வார்டை விட்டு வெளியே போய் உட்கார்ந்தேன்.

பிள்ளை போனதற்கு நீங்கள் காரணம் இல்லை. அதை உங்கள்மேல் நான் போடமாட்டேன். நீங்கள் பேரேட்டில் எதை எழுதியிருந்தாலும் அந்த மூச்சு அவ்வளவுதான். ஆனால் நீங்கள் பார்த்ததைப் பார்த்தபடி எழுதியிருந்தால் அவன் முதல் மாதம் ஆறாம் தேதி பிறந்து பத்தாம் தேதி இறந்திருப்பான். அவன் அம்மாவிடம் அதற்கு ஒரு தாள் இருந்திருக்கும். அந்தத் தாளை நீங்கள்தான் எடுத்துக்கொண்டீர்கள். எனக்காக எடுத்தீர்கள் என்று வேறு எழுதுகிறீர்கள்.

உங்கள் கடிதத்தைப் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. கோபத்தின் ஒரு ஓரத்தில் சந்தோஷமும் வந்தது, பொய் சொல்லமாட்டேன். என்னை விட மனசில்லை என்று இருபத்திரண்டு வருஷத்தில் இப்போதுதான் சொல்லியிருக்கிறீர்கள். அந்தச் சந்தோஷம் வந்ததற்காக எனக்கு இன்னும் கோபம். நாட்டை நிறுத்தி வைத்தவருக்கு ஒரு வண்டி ஏறத் தோன்றவில்லையே.

நாளைக்கு "கண்டேன்" என்று எழுதினால் போதாது. அப்படி எழுதினால் உங்கள் பெயர் தப்பும், உத்தியோகம் தப்பும், அந்தப் பிள்ளை இல்லாமலே போவான். ஐந்தாம் சும்மா நாளின் பக்கத்தைத் திருப்புங்கள். நீங்கள் எழுதியதை அடித்துவிட்டு உண்மையை எழுதுங்கள். அதற்குப் பின்னால் உள்ள நாளெல்லாம் கணக்கில் வந்துவிடும். வார்டில் உள்ள பிள்ளைகளுக்கு அவரவர் நாள் கிடைக்கும். நம்முடைய மனு இன்றைக்குப் பன்னிரண்டு நாளுக்கு முன்னாலேயே செல்லுபடியாகியிருக்கும், அதுவும் எனக்குத் தெரிந்துதான் சொல்கிறேன். கூடத்தில் உங்களை என்ன செய்வார்கள் என்றும் தெரியும்.

என் பதிலுக்குக் காத்திருப்பதாக எழுதியிருந்தீர்கள். இதுதான் என் பதில். ஆனால் இதையும் நான் சொன்னதற்காகச் செய்யாதீர்கள். "அவள் எழுதச் சொன்னாள், எழுதினேன்" என்று நாளைக்கு யாரிடமும் சொல்லக் கூடாது.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா


ஆஸ்பத்திரிக்குப் பின்தெரு விடுதி, மாடி அறை 4
முதல் மாதம், 17

பாப்பாவின் அம்மாவுக்கு,

பழைய பெயரைப் போட எனக்கு உரிமை இருக்கிறதா என்று தெரியவில்லை. அதனால் உன் வழியிலேயே எழுதுகிறேன்.

கொம்புச் சத்தம் உனக்குக் கேட்டிருக்கும். உன் கடிதம் வந்த அன்றே எழுதிவிட்டேன். கடிதத்தை முழுக்கப் படித்தேன், மடித்தேன், பேரேட்டை எடுத்தேன். ஐந்தாம் நாளின் "காணவில்லை"யைச் சிவப்பில் அடித்து, "கண்டேன், கண்டும் மறைத்தேன்" என்று எழுதி, பக்கத்தில் கையெழுத்துப் போட்டேன். மற்றப் பக்கங்களையும் ஒவ்வொன்றாக அடித்தேன். தலைவர் அறைக்குப் போய் அவர் மேசையில் விரித்து வைத்தேன். அவர் ஒவ்வொரு பக்கமாகப் புரட்டிப் பார்த்தார். பிறகு "ஏன்யா?" என்று மட்டும் கேட்டார். வீட்டு விஷயம் என்றேன். சாவியை வாங்கிக்கொண்டார். கொம்பு ஊதியபோது நான் சமையலறையில் உட்கார்ந்திருந்தேன். எல்லோரும் ஒரே மாலையில் பதினான்காம் தேதிக்கு வந்து சேர்ந்ததை நினைக்கச் சிரிப்பாகவும் இருந்தது, வெட்கமாகவும் இருந்தது.

இனி உத்தியோகம் இல்லை, ஓய்வூதியமும் இல்லை. விசாரணைக்குக் கூப்பிட்டால் போவேன். யாரும் எழுதச் சொல்லவில்லை, நானாகத்தான் எழுதினேன் என்று சொல்வேன்.

நேற்று வண்டியில் வந்து இறங்கினேன். இந்த அறையின் ஜன்னலிலிருந்து உன் ஆஸ்பத்திரி மொட்டைமாடி தெரிகிறது, துணி காய்கிறது. வீட்டுப் பக்கம் வரவில்லை. வரலாமா என்று தெரியவில்லை. விடுதியில் துணி துவைக்கும் அம்மாவிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

இப்படிக்கு,
கீழே இறங்கி வந்தவன்


பிரசவ ஆஸ்பத்திரி
முதல் மாதம், 17, மாலை

பாப்பாவின் அப்பாவுக்கு,

பின்தெருவில் உட்கார்ந்துகொண்டு எனக்குக் கடிதம் எழுதுகிற மனிதரை நான் என்ன செய்வது? துணி துவைக்கிற அம்மா மூச்சு வாங்க மூன்று மாடி ஏறி வந்து கொடுத்துவிட்டு, "பதில் வாங்கிட்டு வரச் சொன்னாரு" என்று வாசலிலேயே நிற்கிறாள். அவளுக்காகத்தான் எழுதுகிறேன்.

கொம்பு ஊதியபோது நான் ஒரு பிரசவத்தில் இருந்தேன். பெண் குழந்தை. துடைத்துத் தாயிடம் கொடுத்துவிட்டு வெளியே வந்தேன், பதிவாளர் தாழ்வாரத்தில் ஓடி வந்தார். "பதினாலும்மா, இன்னைக்குத் தேதி பதினாலு" என்று சொல்லிக்கொண்டே அட்டைகளை எடுத்தார். நாங்கள் இருவரும் உட்கார்ந்து ஒவ்வொரு பிள்ளைக்கும் அதனதன் நாளை எழுதினோம். பாப்பா அன்றைக்கே பெட்டியைக் கட்டி, மறுநாள் வேலையில் சேர்ந்துவிட்டாள். நாட்டில் எல்லோருமே பதினான்கு நாள் தாமதம் என்பதால் யாரும் அவளை ஒன்றும் சொல்லவில்லை.

உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். இந்த இருபத்திரண்டு வருஷத்தில் உங்களை எனக்கு ரொம்பவும் பிடித்தது கொம்பு ஊதிய அந்த மாலைதான். கணக்குப்படி அன்றைக்கு நீங்கள் என் புருஷனாக இல்லாமல் பதினான்கு நாள் ஆகியிருந்தது. அதை நினைத்துத் துணி அறையில் நின்று நன்றாக அழுதேன். பிரிவு செல்லட்டும். அதை நான் மாற்றக் கேட்கப் போவதில்லை, நீங்களும் கேட்காதீர்கள். நீங்கள் ஒன்றை முடித்து நான் பார்த்தது இதுதான் முதல் தடவை, அதை அவிழ்க்க எனக்கு மனம் வரவில்லை. பாப்பா ஓய்வு நாளில் வருவாள். அப்போது வீட்டுக்கு வாருங்கள், அவளைப் பாருங்கள்.

ஆனால் அதற்கு முன்னால் ஒரு வேலை இருக்கிறது. உயிரோடு இருக்கிற பிள்ளைகளுக்குப் பேரேடு போதும். போய்விட்ட பிள்ளைக்கு, திருத்திய பேரேட்டை வைத்துப் பதிவு செய்யமுடியாதாம். நிலா பார்த்து எழுதியவர் நேரில் வந்து, உறவுக்காரர் எதிரில் வாயால் சொல்ல வேண்டுமாம். கப்பல் நாளை மறுநாள் புறப்படுகிறது. அவள் நாளை நான்கு மணிக்குப் பதிவகத்துக்கு வருகிறாள். நீங்கள் யார், ஏன் எழுதாமல் விட்டீர்கள் என்று அவளிடம் நான் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கேட்டுவிட்டு, "அவர் வரட்டும்" என்றாள். 

அதனால் வாருங்கள். பார்க்கலாம் என்று துணி துவைக்கிற அம்மாவிடம் சொல்லி அனுப்பாதீர்கள். அங்கே வந்து அழ ஆரம்பிக்காதீர்கள், மன்னிப்பும் கேட்காதீர்கள், அவளாகப் பேசினால் ஒழிய. அவளுக்கு இரண்டு தேதிதான் வேண்டும். பிறந்தது ஆறு, இறந்தது பத்து. அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லுங்கள். நானும் இருப்பேன், அவள் பக்கத்தில் நின்றுகொண்டிருப்பேன்.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா